வாடாமல்லி நிற மண்ணுருட்டி

எங்கள் நத்தக்குளத்துக்கு மண்ணுருட்டிகள் வந்தது வைகாசி நாலாம் தேதி, தண்ணீர் லாரி வராத செவ்வாய்க்கிழமை. நாங்கள் குடங்களை வரிசையில் வைத்துவிட்டு லாரிக்காரனை அவன் பிறந்த நேரத்திலிருந்து ஆரம்பித்துத் திட்டிக்கொண்டிருந்தபோது, குளத்துக் கரையிலிருந்து அவை ஒன்றன்பின் ஒன்றாக இறங்கி வந்து, யாரையும் இடிக்காமல், கடைசிக் குடத்துக்குப் பின்னால் நின்றன. முழங்கால் உயரம், மண் நிறம், உருண்டை உடம்பு, பொரித்த அப்பளம் மாதிரி இரண்டு காது, அவ்வளவுதான். வரிசையில் ஒழுங்காக நிற்கிற எதையும் பார்த்து எங்கள் ஊரில் யாரும் பயப்படுவதில்லை, வரிசையைக் குலைக்கிறவர்களோடுதான் எங்களுக்குச் சண்டை. பொன்ராணி மட்டும் திரும்பிப் பார்த்து, "இதுக யாரு வீட்டுது?" என்று கேட்டாள். அத்தனை காதும் ஒரே சமயத்தில் ஞானசிகாமணி வீட்டுப் பக்கம் திரும்பின.

ஞானசிகாமணி எனக்கு அடுத்த வீடு. நான் செல்லக்கனி, இட்லி மாவு அரைத்து விற்கிறவள். அவனுக்கு வீடு வீடாகப் போய் கரண்டு மீட்டரைப் பார்த்து அட்டையில் எழுதுகிற வேலை. நடக்கிறவனுக்கென்றே செய்தது போல அவன் செல்போனில் ஒரு விளையாட்டு வந்து சேர்ந்தது. அந்த விளையாட்டுக்குள் முட்டைகள் உண்டு. செல்போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு நடந்தால், நடந்த தூரத்துக்கு ஏற்ப முட்டை பொரிந்து மண்ணுருட்டி என்கிற பிராணி வரும். வருகிறதெல்லாம் மண் நிறம். எட்டாயிரத்தில் ஒன்று மட்டும் வாடாமல்லி நிறத்தில் வரும் என்று அதை உண்டாக்கியவர்கள் எங்கோ உட்கார்ந்துகொண்டு விதித்திருந்தார்கள். அந்த ஒன்று அதிகமாகக் கடிக்காது, உயரமாகத் தாவாது, மண் நிறத்தது செய்யாத எதையும் செய்யாது, நிறம் மட்டும்தான் வேறு. அந்த நிறத்துக்காக ஞானசிகாமணி நாலு வருஷம் நடந்தான். மீட்டர் பார்க்கிற தெருவெல்லாம் நடந்தான், ஞாயிறு ஆராதனை முடிந்து குளத்தைச் சுற்றி நடந்தான், மாமனார் செத்த வீட்டில் பந்தலைச் சுற்றி நடந்தான், மழைக்காலத்தில் செல்போனுக்குப் பாலித்தீன் பையைப் போட்டுவிட்டுத் தான் தலை நனைய நடந்தான்.

மண் நிறத்தில் வருகிறவற்றை வைத்துக்கொள்ள செல்போனில் இடம் கிடையாது. திரையின் அடியில் 'விடு' என்று ஒரு பொத்தான் இருந்தது. அதை அழுத்தினால் வந்தது போய்விடும், அடுத்த முட்டைக்கு இடமாகும். முட்டை விரியும்போது முதலில் வெளியே தெரிவது காது நுனி. நுனி மண் நிறமென்றால் மிச்சமும் மண் நிறம்தான், முகம் வெளியே வரும்வரை காத்திருப்பது வெட்டி வேலை என்பது அந்த நிறத்தைத் தேடி விளையாடுகிற வேட்டைக்காரர்களின் கூட்டத்துச் சட்டம். மலேசியாவிலும் பிரேசிலிலும் சேலத்திலும் இருக்கிற அவர்கள் வாட்ஸப்பில் ஒரு குழு வைத்திருந்தார்கள், அங்கே இவனுக்குப் பெயர் முட்டை சிகாமணி, அதை அவன் பட்டம் வாங்கியது போலச் சொல்லிக்கொள்வான். ஆக, காது நுனியைப் பார்ப்பான், விடுவான், டைரியில் ஒரு கோடு போடுவான். சாப்பிடும்போதும் அதுதான், மீட்டர் அட்டை எழுதும்போதும் அதுதான், ஜெபத்தில் எல்லோரும் கண்ணை மூடியிருக்கும்போது ஒரு கண்ணை மட்டும் திறந்துகொண்டு அதுதான். மண்ணுருட்டிகள் வந்த அன்றைக்கு ஏழாயிரத்து முன்னூற்றுப் பதினாறு கோடு ஆகியிருந்தது. அதில் ஒரு கோடுகூடத் தப்பில்லை என்று யாரிடம் வேண்டுமானாலும் பந்தயம் கட்டுவான்.

அவனுக்கு ஒரே மகள், பெனிட்டா. பதினேழு முடிந்த பிள்ளை. பன்னிரண்டாம் வகுப்பில் அறுநூற்றுக்கு முன்னூற்று நாற்பத்தொன்று எடுத்தாள், அழவும் தேவையில்லாத, கேக் வெட்டவும் தேவையில்லாத மார்க். பாட்டுப் போட்டியில் கலந்துகொண்டதற்குச் சான்றிதழ் வாங்குவாள், பரிசு வாங்க மாட்டாள். ஆண்டு விழா நடனத்தில் இரண்டாவது வரிசையில் நிற்பாள். மார்க் பட்டியலை அப்பாவிடம் நீட்டியபோது அவன் அதன் கீழ் மூலையை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "சரி" என்று திருப்பிக் கொடுத்தான். நான் மாவு வாளியோடு பக்கத்தில்தான் நின்றேன். எனக்கு அப்போது அது தப்பாகவே படவில்லை, நம் வீடுகளில் எந்த அப்பா எழுந்து கூத்தாடுகிறான்?

அந்தப் பிள்ளைக்கு ஒரே ஒரு ஆசை, நர்சு ஆக வேண்டும். எனக்கு டெங்கு வந்து பத்து நாள் கிடந்தபோது அவள்தான் கஞ்சி கொடுத்தாள், ஈரத்துணி போட்டாள், காய்ச்சல் ஏறியதையும் இறங்கியதையும் காலண்டர் தாளின் பின்பக்கம் மணி வாரியாக எழுதி டாக்டரிடம் காட்டினாள். "இது யாரும்மா எழுதுனது?" என்று டாக்டர் நிமிர்ந்து கேட்டாராம், அந்த ஒரு கேள்வியை அவள் ஒரு வருஷம் வாயில் வைத்துச் சப்பிக்கொண்டிருந்தாள். ஆனி மாதம் நாகர்கோவில் பக்கம் ஒரு நர்சிங் கல்லூரியில் இடம் கிடைத்தது. அப்பா நேரில் வந்து முதல்வர் முன்னால் கையெழுத்துப் போட வேண்டும் என்பது அந்தக் கல்லூரியின் விதி. ஆடிக் கடைசி வெள்ளிக்கிழமை, சாயந்திரம் நாலு மணிக்குள் வராவிட்டால் இடம் அடுத்த பிள்ளைக்குப் போய்விடும். "இந்த வாரம் வேண்டாம், அடுத்த வாரம் போவோம்" என்று அவன் ஒவ்வொரு வாரமும் சொன்னான்.

இருக்கட்டும், தண்ணீர் வரிசைக்கு வருகிறேன். பொன்ராணி போட்ட சத்தத்தில் ஞானசிகாமணி பனியனோடு வெளியே வந்தான். அதற்குள் வரிசை குளத்துக் கரையைத் தாண்டிப் போயிருந்தது. அவையெல்லாம் அவன் விட்டவை என்பதில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை, அவனுக்கும் வரவில்லை. நாலு வருஷமாக ஒருவன் விட்டுக்கொண்டே இருந்தால் அவை எங்காவது போய்த்தானே ஆக வேண்டும், போன இடத்தில் இடம் போதாமல் திரும்பியிருக்கும் என்று எங்கள் ஊர்ப் போதகர் சொன்னார், எல்லோருக்கும் அது சரியாகவே இருந்தது. ஞானசிகாமணி வரிசையோடு ஒரு பர்லாங் நடந்து, காது நுனிகளை மட்டும் பார்த்துக்கொண்டே போய்த் திரும்பி வந்தான். "எல்லாம் சாதாரணந்தாங்க்கா" என்று என்னிடம் சொல்லிவிட்டு பல் விளக்கப் போனான். அவை நகரவில்லை, அவன் உள்ளே போன கதவையே பார்த்துக்கொண்டு நின்றன.

முதல் வாரம் நாங்கள் அவற்றுக்குக் கஞ்சித்தண்ணி ஊற்றினோம். இரண்டாம் வாரம் ஊற்றியதற்குக் கைம்மாறு எதிர்பார்த்தோம். காத்திருப்பதில் அவற்றை மிஞ்ச ஆள் கிடையாது என்பதை முதலில் கண்டுபிடித்தது பொன்ராணிதான், ரேஷன் கடை வரிசையில் தன் பையை ஒன்றின் கழுத்தில் மாட்டி நிறுத்திவிட்டு வந்து நெடுந்தொடர் பார்த்தாள். அதற்குப் பிறகு பேங்கில் அவை நின்றன, ஆஸ்பத்திரியில் சீட்டு வாங்கும் இடத்தில் அவை நின்றன, பஸ்ஸில் அவை இடம் பிடித்தன, பெண் பார்க்க வருகிறவர்களுக்காக வாசலில் அவை நின்றன. கட்சிக் கூட்டத்துக்கு ஆள் சேர்க்கிறவர்கள் லாரியில் ஏற்றிப் போனார்கள், காலையில் ஒரு கட்சிக்கும் மாலையில் எதிர்க்கட்சிக்கும் அதே மண்ணுருட்டிகள்தான் போயின, கைதட்ட மட்டும் வராது, காதை ஆட்டும். கோயில் கொடை விழாவில் சப்பரம் இழுத்தன. தேவாலயத்துக்கு மேலிடத்திலிருந்து ஆள் வந்த ஞாயிற்றுக்கிழமை பின் பெஞ்சுகளில் உட்கார்ந்து சபையை நிறைத்துக் காட்டின. என் கடையில் நாலு நின்றன. மூன்று உளுந்து கழுவின, ஒன்று மாவைக் கலக்கியது, அது கலக்கிய மாவு பொங்கி வருகிற அழகைப் பார்த்து எனக்கே பொறாமையாக இருந்தது. அந்த நாலில் எது கலக்கியது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. எல்லாவற்றையும் நான் "ஏய்" என்றுதான் கூப்பிட்டேன்.

பெனிட்டாவுக்குத் தெரியும். அவள் பள்ளிக்கூடச் சீருடையில் மிச்சம் கிடந்த ஒரு காபி நிற சுடிதாரைப் போட்டுக்கொண்டு, ஈரத்துணியோடு அவற்றின் நடுவே போய் உட்கார்ந்து காதுகளைத் துடைத்துவிடுவாள். "அத்த, இது எடது கால இழுத்து இழுத்து நடக்கும். இந்தா இருக்குல்லா, இதுக்குத் தூசி ஆகாது, தும்மிகிட்டே கெடக்கும். ஒங்க கடையில மாவு கலக்குறது சரியான பயந்தாங்கொள்ளி, சத்தமா கூப்பிடாதீய" என்பாள். "எல்லாம் ஒண்ணு போலத்தான இருக்கு, எப்பிடிட்டி கண்டுபிடிக்க?" என்று கேட்டேன். "பாத்தா தெரியுது" என்றாள். அவளைத் தாண்டி அவள் அப்பா செல்போனைப் பார்த்துக்கொண்டு போனான், அப்போதும் முட்டைக்காக நடந்துகொண்டுதான் இருந்தான், ஆனால் அவன் எத்தனை நடந்தும் அவை வந்த நாளுக்குப் பிறகு ஒரு முட்டையும் பொரியவில்லை.

இலவசமாக வேலை செய்கிற கை கிடைத்துவிட்டால் அது எங்கே போய் முடியும் என்று உப்பளத்துப் பெண்களைக் கேட்டால் சொல்வார்கள். முதலாளிகள் மண்ணுருட்டிகளை நூறு நூறாக ஓட்டிக்கொண்டு போய் உப்புப் பெட்டி சுமக்க வைத்தார்கள். இருபது வருஷம் உப்புச் சுமந்து கால் வெடித்த முருகம்மாளை, "நாளையிலருந்து வர வேண்டாம்" என்று சொல்லிவிட்டார்கள். ஆனி முடிவதற்குள் முந்நூறு பெண்கள் வீட்டில் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் கோபம் முதலாளிகள் மேல் போகவில்லை, போகவும் போகாது, மண்ணுருட்டிகள் மேல்தான் போனது. கல்லால் அடித்தார்கள். கொதிக்கிற கஞ்சியை ஊற்றினார்கள். அடி வாங்கியவை இரண்டடி தள்ளி நின்று மறுபடியும் ஞானசிகாமணியின் கதவைப் பார்த்தன, காயத்துக்கு பெனிட்டா மஞ்சள் அரைத்துப் போட்டாள்.

பேரூராட்சித் தலைவர் தங்கப்பழம் லாரி பிடித்து ஆயிரம் மண்ணுருட்டிகளைச் செம்மணல் தேரிக்காட்டுக்கு அப்பால் கொண்டுபோய் இறக்கினார். மறுநாள் காலையில் அவை அதே இடத்தில், அதே வரிசையில், காலில் செம்மண்ணோடு நின்றன. இப்படி மூன்று தடவை நடந்தது. அப்புறம் ஒரு நாள், வேலைக்குக் கிளம்பின ஞானசிகாமணியின் செருப்பின் மேல் ஒன்று உட்கார்ந்திருந்தது. அவன் எரிச்சலோடு குனிந்து, அதன் காது நுனியைப் பழக்கத்தில் ஒரு பார்வை பார்த்து, "விடு" என்றான். அது எழுந்தது, கரையேறி நடந்தது, குளத்துக்கு அந்தப் பக்கம் இறங்கியது, திரும்பி வரவேயில்லை.

"அப்பா ஒருக்க பாத்துச் சொல்லணும்னுதான் இத்தன நாளும் நிக்குதுக" என்றாள் பெனிட்டா. "செல்லுல பாக்காமத்தான விட்டாவ." அவன் இப்போதும் காது நுனியை மட்டும்தான் பார்த்தான், ஆனாலும் அந்தப் பார்வை அவற்றுக்குப் போதுமாக இருந்தது. ஏங்கிப் போனவர்களுக்குக் கொஞ்சம் கொடுத்தாலே போதும் என்பதை நாங்கள் எல்லோரும் அன்றைக்கு நன்றாகத் தெரிந்துகொண்டோம், தெரிந்துகொண்டு அதை வைத்து ஒரு திட்டம் போட்டோம்.

பள்ளிக்கூட மைதானத்தில் பந்தல் போட்டு, ஞானசிகாமணியை நாற்காலியில் உட்கார வைத்து, மிச்சம் நின்ற ஏழாயிரத்து முன்னூற்றுப் பதினைந்தையும் அவன் முன்னால் வரிசையாக விட்டு, ஒவ்வொன்றையும் பார்த்து அவன் 'விடு' சொல்ல வேண்டும். ஒரே நாளில் முடித்துவிட வேண்டும் என்பது தங்கப்பழத்தின் ஏற்பாடு. ஞானசிகாமணி முதலில் முணுமுணுத்தான். ஆனால் அந்த வாரம் சேலத்திலிருந்து குழுவைச் சேர்ந்த ஒருவர் இவற்றை நேரில் பார்க்க வந்திருந்தார், கண்ணாடி போட்ட, மரியாதையான மனிதர். அவர் தேநீர் குடித்துக்கொண்டே, "அண்ணா, ஏழாயிரம் தடவ அமுக்குன விரலுங்க இது. ஒருக்காகூட நெறத்தப் பாக்காம அமுக்கியிருக்காதுன்னு சத்தியம் பண்ணுவீங்களா? வாடாமல்லி இந்தக் கூட்டத்துக்குள்ளயே நின்னாலும் நிக்கும்" என்றார். ஞானசிகாமணியின் முகத்தில் ரத்தம் வற்றிவிட்டது. கையில் கிடைத்த வாடாமல்லியைத் தெரியாமல் விட்டுவிடுவதுதான் அவர்கள் கூட்டத்தில் எல்லோருக்கும் உள்ள ஒரே பயம். அதற்குப் பிறகு பந்தலுக்கு அவனே கால் நட்டான், நாளும் அவனே குறித்தான். ஆடிக் கடைசி வெள்ளி.

வியாழக்கிழமை மத்தியானம் அவர்கள் வீட்டு அடுப்படியில் நடந்த பேச்சை நான் மதில் இந்தப் பக்கம் உளுந்து புடைத்துக்கொண்டே முழுக்கக் கேட்டேன்.

"எப்பா, நாளைக்குத்தான் கடைசி. பதினொன்னேகால் பஸ்ஸப் புடிச்சாத்தான் நாலு மணிக்குள்ள போவ முடியும்."

"நாளைக்கு எப்பிடிம்மா வர முடியும்? ஊரே கூடி வேல நடக்கு."

"நாளைக்கழிச்சு வச்சுக்கலாம்ல அத?"

"சேலத்துக்காரர் நாளைக்குச் சாயந்தரம் ஊருக்குப் போறாரு. அவர் முன்னால பாக்கணும். நர்சிங் எங்கயும் ஓடிராது, அடுத்த வருசம் சேந்துகிடலாம். இது எட்டாயிரத்துல ஒண்ணுட்டி."

அவள், "நான் எத்தனையில ஒண்ணுப்பா?" என்று கேட்டாள்.

அவன் அதை வேடிக்கையாக எடுத்துக்கொண்டு சிரித்தான். கெட்ட மனிதன் இல்லை அவன், குடிக்க மாட்டான், பெண்டாட்டி மேல் கை நீட்ட மாட்டான். "பொம்பளப் பிள்ள இல்லாத வீடு ஊருக்குள்ள எது?" என்றான். அவன் மனைவி பாக்கியசீலி அடுப்பிலிருந்த சட்டியை இறக்கி டொம்மென்று வைத்தாள். அவள் அவனோடு பேசி ஏற்கெனவே ஒரு மாதம் ஆகியிருந்தது.

வெள்ளிக்கிழமை விடிந்து ஆறு மணிக்கே மைதானம் நிறைந்துவிட்டது. மைக் செட் கட்டியிருந்தார்கள், மோர்ப்பானை வைத்திருந்தார்கள். கணக்குத் தப்பக் கூடாது என்று ஞானசிகாமணி என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் உட்கார வைத்து நோட்டும் பென்சிலும் கொடுத்தான். செருப்பு மேலிருந்து எழுந்து போனதற்கு முதல் கோட்டை அவனே போட்டு வைத்திருந்தான். அவன் 'விடு' சொன்னால் நான் ஒரு கோடு போட வேண்டும், அஞ்சாவது கோட்டைக் குறுக்கே இழுக்க வேண்டும். ஆரம்பிப்பதற்கு முன்னால் பெனிட்டா வந்தாள். கையில் ஒரு பிளாஸ்டிக் கவர், அதற்குள் கல்லூரிப் படிவம்.

"அத்த, நீங்கதான் கோடு போடுதியளா?"

"ஆமாட்டி. ஒங்கம்மா எங்க?"

"பையத் தூக்கிட்டு பஸ் ஸ்டாண்டுல நிக்காவ. அப்பாவக் கூட்டிட்டு வாறேன், நகராம நில்லுன்னு சொல்லியிருக்கேன்." மைதானத்தின் கோடியில் வளைந்து நின்ற வரிசையை அவள் பார்த்தாள். "எங்கப்பா வரிசையில நிக்கிறவியள மட்டுந்தான் பாக்காவ, என்னத்த?" என்றாள். நான் பென்சிலைச் சீவிக்கொண்டே, ஆமா என்றேனோ, உம் கொட்டினேனோ. "நல்லா பாத்துப் போடுங்க அத்த" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

பார்த்துத்தான் போட்டேன். நோட்டைப் பார்த்துப் போட்டேன்.

ஒன்று வந்தது, விடு. அடுத்தது வந்தது, விடு. முதல் நூறு வரை ஊர் கைதட்டியது, ஐந்நூறுக்குப் பிறகு ஆளாளுக்கு மோர் குடிக்கப் போய்விட்டார்கள், ஆயிரத்துக்குப் பிறகு மைக்கில் சாமிப் பாட்டுப் போட்டார்கள். காது நுனி, விடு, கோடு. கால் இழுத்து நடந்த ஒன்று வந்தது, தும்மிக்கொண்டு ஒன்று வந்தது, என் கடையில் மாவு கலக்கியதும் அதில் வந்திருக்க வேண்டும், நான் பார்க்கவில்லை. வெயில் ஏறியது. அவன் கண் இமைக்காமல் ஒரே உயரத்தில் நிலைத்திருந்தது, காது நுனிகள் அந்த உயரத்துக்கு வந்து வந்து போயின, குனிந்து வந்தாலும் நிமிர்ந்து வந்தாலும் அவனுக்கு ஒரு நொடிதான். வாய் தானாகச் சொன்னது, என் கை தானாக இழுத்தது. பத்து மணியோ பத்தரையோ இருக்கும், எனக்குப் பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் கவர் சரசரத்தது போல ஒரு ஞாபகம். காபி நிறத்தில் ஏதோ ஒன்று மற்றவற்றைவிடக் கொஞ்சம் கூடுதல் நேரம் நின்றது போல ஒரு ஞாபகம். "விடு" என்றான். நான் கோடு போட்டேன்.

அவள் ஏன் வாயைத் திறக்கவில்லை என்று இன்றைக்கும் பொன்ராணி என்னிடம் கேட்கிறாள். இரண்டு மாதமாகத் திறந்துகொண்டுதானே இருந்தாள் என்று நான் அவளிடம் கத்திவிடுவேன், பிறகு உள்ளே போய் அழுவேன்.

சாயந்திரம் மூன்றரைக்கு வரிசை தீர்ந்தது. வாடாமல்லி நிறத்தில் ஒன்றும் வரவில்லை. சேலத்துக்காரர் ஞானசிகாமணியின் தோளைத் தட்டிவிட்டு, கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் கோடுகளைக் கூட்டினேன், சந்தேகப்பட்டு மறுபடி கூட்டினேன், தங்கப்பழத்தையும் கூட்டச் சொன்னேன். ஏழாயிரத்து முன்னூற்றுப் பதினேழு வந்தது.

"பதினேழா?" என்றான் ஞானசிகாமணி. நாலு வருஷத்தில் ஒரு கோடு தப்பாதவன் அவன். நோட்டை என் கையிலிருந்து பிடுங்கிப் பார்த்தான், பார்க்கப் பார்க்க அவன் முகம் மலர்ந்தது. "எக்கா, ஒண்ணு கூடுதலா வந்திருக்கு! நான் பொரிக்காதது ஒண்ணு வரிசையில வந்திருக்கு! அதுவா இருந்தாலும் இருக்கும்க்கா, வெயிலுல நெறம் சரியாத் தெரியாம இருந்திருக்கும். எத்தனாவதா வந்துச்சு, ஞாபகம் இருக்கா? எந்தப் பக்கமா போச்சு?" என்று என் தோளைப் பிடித்து உலுக்கினான். அப்படி ஒரு சந்தோஷத்தை அவன் முகத்தில் நான் பார்த்ததே இல்லை.

அப்போதுதான் முருகம்மாள் குளத்துக் கரையிலிருந்து அந்தக் கவரைக் கொண்டுவந்தாள். கரை மேல் கிடந்ததாம். மண்ணுருட்டிகளோடு மண்ணுருட்டியாகப் பெனிட்டா நடந்துபோனதை அவள் பார்த்திருக்கிறாள். "ஏட்டி, எங்க போற?" என்று கூப்பிட்டிருக்கிறாள். அவள் திரும்பிப் பார்த்தாளாம், கோபமாகவும் இல்லையாம், அழவும் இல்லையாம், செருப்பு மேல் உட்கார்ந்திருந்தது அன்றைக்கு எழுந்து போனதே, அது போன மாதிரி போய்விட்டாளாம். கவருக்குள் படிவம் கசங்காமல் இருந்தது. அப்பா கையெழுத்து என்று போட்டிருந்த இடத்துக்குப் பக்கத்தில், அவன் இடம் தேடித் திணறக் கூடாதென்று பென்சிலால் சின்னதாக ஒரு பெருக்கல் குறி வைத்திருந்தாள்.

அவன் ஓடினான். குளத்துக்கு அந்தப் பக்கம் உடைமரமும் வெள்ளை மணலும்தான் இருந்தன, ஏழாயிரம் போன காலடித் தடம்கூட இல்லை. தொண்டை கிழிய அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டான், "வா" என்று கூப்பிட்டான், "விடல, விடல" என்று கத்தினான். அந்த விளையாட்டில் விட்டதைத் திரும்ப அழைக்கப் பொத்தான் கிடையாது என்பது எங்கள் எல்லோரையும்விட அவனுக்குத்தான் தெரியும். பஸ் ஸ்டாண்டில் பாக்கியசீலி பையைத் தோளிலிருந்து இறக்காமல் நின்றிருந்தாள். விஷயத்தைச் சொன்ன பிறகும் நகர மாட்டேன் என்றாள். "எம் பிள்ள இங்க நிக்கச் சொல்லிட்டுப் போயிருக்கா, கூட்டிட்டு வந்துருவா" என்று சொல்லி, பஸ் வருகிற பக்கத்தை விட்டுக் கண்ணை எடுக்கவே இல்லை.

ஆகவே போலீஸ் ஸ்டேஷனுக்கு அவனும் நானும்தான் போனோம். ஏட்டு நல்லவராக இருந்தார், விசிறியை எங்கள் பக்கம் திருப்பி வைத்தார். மண்ணுருட்டி விவகாரம் அவருக்கும் தெரியும், அவர் வீட்டிலும் மூன்று நின்றதாம். பெயர் கேட்டார், வயசு கேட்டார், ஞானசிகாமணி சொன்னான். உயரம் கேட்டார். அவன் கையைத் தன் தோளுக்குக் கொண்டுபோனான், காதுக்கு உயர்த்தினான், மறுபடி தோளுக்கு இறக்கினான். போட்டோ கேட்டார். செல்போனைத் திறந்து விரலால் தள்ளித் தள்ளிப் போனான், எல்லாம் காது நுனிகள்.

"சரி, அங்க அடையாளம் சொல்லுங்க" என்றார் ஏட்டு. "மச்சம், தழும்பு, ஏதாவது. கூட்டத்துல பாத்தா இவதான்னு எப்பிடிக் கண்டுபிடிக்க?"

அவன் என்னைப் பார்த்தான். பதினேழு வருஷம் அடுத்த வீடு, பத்து நாள் என் தலைமாட்டில் உட்கார்ந்து எனக்குக் கஞ்சி கொடுத்த பிள்ளை. கன்னத்தில் ஒரு மச்சம் என்று சொல்ல வாயெடுத்தேன், அது பொன்ராணி மகளுக்கு. கையில் தோசைக்கல் சுட்ட தழும்பு என்று நினைத்தேன், அது என் கையில் இருக்கிறது. நான் தலையைக் குனிந்துகொண்டேன். ஏட்டு பேனாவை வைத்துக்கொண்டு பொறுமையாகக் காத்திருந்தார்.

"சாதாரணமாத்தான் சார் இருப்பா" என்றான் ஞானசிகாமணி. ஏட்டு அதை அப்படியே எழுதிக்கொண்டார்.